இந்திரன்ஸ்: கட்டியக்காரனின் உடல்

மேல்சித்தாமூரைச் சுற்றிய ஊர்களில் பாரதக் கூத்து பார்த்து வளர்ந்த நமக்குக் கட்டியக்காரன் யாரென்று விளக்க வேண்டியதில்லை. துரியோதனனின் வருகையை அறிவிப்பவன் அவன். அடுத்த கணமே அவனைக் குறுக்குக் கேள்வி கேட்டு மடக்குபவனும் அவனே. கூத்தில் அவனோடு சேர்ந்து நாம் அரசனைப் பார்த்துச் சிரித்தோம். திரைப்படத்தில் இது தலைகீழாயிற்று. குள்ளம், கறுப்பு, ஒல்லி, சொட்டை என்று நகைச்சுவை நடிகரின் உடலைப் பார்த்தே சிரிக்கப் பழகினோம். மலையாள நடிகர் இந்திரன்ஸின் திரைவாழ்வு, இவ்விரு சிரிப்புகளுக்கும் இடையிலுள்ள தொலைவைக் காட்டுகிறது.

1956இல் பிறந்த திருவனந்தபுரத்துச் சுரேந்திரன், வறுமையால் நான்காம் வகுப்போடு பள்ளியை விட்டுத் தையல் கற்றார். அவருடைய தையற்கடையின் பெயர் இந்திரன்ஸ். பின்னர் அதுவே திரைப்பெயராயிற்று. 1981இல் வெளியான 'சூதாட்டம்' படத்தில் உடையலங்கார உதவியாளராகப் பணியாற்றியதோடு சிறு வேடத்திலும் தோன்றினார். 1994இல் ராஜசேனன் இயக்கிய 'சி.ஐ.டி. உண்ணிகிருஷ்ணன் பி.ஏ., பி.எட்.' அவரை நகைச்சுவை நடிகராக்கியது. அப்போது அவருக்கு எழுதப்பட்ட வேடங்களில் பெரும்பாலானவை அந்த மெலிந்த உடலை மட்டுமே நம்பியவை. 'குடைக்கம்பி' என்ற கேலிப்பெயரும் ஒட்டிக்கொண்டது.

மாற்றம் மெல்லத்தான் வந்தது. 2004இல் டி.வி. சந்திரனின் 'கதாவசேஷன்' அவருக்கு வேறு வகை வேடம் தந்தது. 2014இன் 'அப்போத்திக்கிரி' மாநில விருதுக்குழுவின் சிறப்புக் குறிப்பைப் பெற்றுத் தந்தது. பின்பு 'ஆளொருக்கம்'. வீட்டைவிட்டுப் போன மகனைத் தேடி நகரத்துக்கு வரும் முதிய ஓட்டன் துள்ளல் கலைஞர், அந்த மகன் திருநங்கையாக வாழ்வதை அறிகிறார். குஞ்சன் நம்பியார் வளர்த்த துள்ளல், ஒற்றை ஆளாக நின்று ஊரை எள்ளும் கலை. நம் கட்டியக்காரனுக்கு உறவு. ஊரைச் சிரிக்க வைத்த அவர், ஊரே சிரிக்கும் ஒரு பிள்ளைக்குத் தகப்பனாக நிற்க முடியுமா என்பதே படத்தின் கேள்வி. இவ்வேடத்துக்காக 2017ஆம் ஆண்டுக்கான கேரள அரசின் சிறந்த நடிகர் விருது இந்திரன்ஸுக்குக் கிடைத்தது. 2020இன் 'அஞ்சாம் பாதிரா'வில் கொலைகாரனாகச் சில நிமிடங்களே வருகிறார்; சிரிக்க வைத்த அதே ஒல்லி உடல் அங்கே அச்சுறுத்துகிறது. 2021இல் வந்த 'ஹோம்' படத்தில், பிள்ளைகளோடு நெருங்குவதற்காகக் கைப்பேசி பழகத் தவிக்கும் தந்தை. அதற்குத் தேசிய விருதுக்குழுவின் சிறப்புக் குறிப்பு 2023இல் அறிவிக்கப்பட்டது.

இத்தனைக்குப் பிறகும் பழைய சிரிப்பு போய்விடவில்லை. 2022 டிசம்பரில் கேரளச் சட்டமன்றத்தில் ஓர் அமைச்சர், காங்கிரஸ் கட்சி அமிதாப் பச்சன் அளவிலிருந்து இந்திரன்ஸ் அளவுக்குச் சுருங்கிவிட்டதாகப் பேசினார். எதிர்ப்பு எழுந்ததும் அச்சொற்கள் அவைக்குறிப்பிலிருந்து நீக்கப்பட்டன. அமிதாப்பின் உயரம் தமக்கில்லை, அவருடைய சட்டை தமக்குப் பொருந்தாது என்ற பொருள்பட இந்திரன்ஸ் பதிலளித்தார். தையற்காரரின் பதில் அது. சினமில்லை, ஆனால் அளவு தவறவில்லை.

தமிழில் இதற்கு முன்னோடி இல்லாமலில்லை. அம்மைத் தழும்பும் மெலிந்த உடலும் கொண்ட நாகேஷ் 1964இலேயே 'சர்வர் சுந்தர'த்தில் நாயகனாக நின்றார். ஆனால் அவருக்குத் தேசிய விருது கிடைத்தது முப்பது ஆண்டுகள் கழித்து, 'நம்மவர்' படத்தில், மகளை இழந்த தந்தையாக நடித்தபோதுதான். அதுவும் துணை நடிகருக்கானது. அவர் திறந்த வாசலில் பின்வந்தோர் பலரை, உருவக் கேலி வசனங்களோடு வெளியிலேயே நிறுத்திவைத்தோம். இதில் இயக்குநர்களை மட்டும் குறைகூறிப் பயனில்லை, கைதட்டியவர்கள் நாம்.

'ஆளொருக்கம்' பார்த்த கையோடு தொண்ணூறுகளில் வந்த இந்திரன்ஸின் நகைச்சுவைக் காட்சியொன்றைப் பார்க்கலாம். உடல் அதேதான். முன்புபோல் சிரிப்பு வருகிறதா என்பதை அவரவரே சோதித்துக்கொள்ளட்டும்.