அருமையின் விலை

சிறுவனாயிருந்த காலத்தில் என்னிடம் ஒரு பழைய பிஸ்கற் பேணி இருந்தது. அதனுள்ளே பஞ்சு பரப்பிப் பறவை முட்டைகளைச் சேர்த்து வைத்திருந்தேன். எங்கள் வளவுத் தேசிமரத்திற் கூடு கட்டியிருந்த புலுனியின் நீல முட்டையை எடுத்த நாளில் எனக்குண்டான பெருமிதம் இன்றும் நினைவிலிருக்கின்றது. தோழர் எவரிடமும் அது இல்லை என்பதே அப்பெருமிதத்தின் காரணம். பல்லாண்டுகளின் பின், பெரும் ஓக் என்னும் பறவையின் வரலாற்றைப் படித்தபோது அந்தப் பேணி என் கண்முன் வந்து நின்றது.

வட அத்திலாந்திக் சமுத்திரத்துப் பாறைத்தீவுகளில் வாழ்ந்த பறவை அது. ஏறத்தாழ முக்கால் மீற்றர் உயரமும் ஐந்து கிலோகிராம் நிறையும் உடையது. நீந்துவதில் வல்லது; பறக்கமாட்டாது; நிலத்தில் தள்ளாடியே நடக்கும். ஆண்டுக்கு ஒரேயொரு முட்டையை வெறும் பாறைமீது இடும். பென்குயின் என்ற பெயர் முதலில் இதற்கே உரியதாயிருந்தது. தென்கடல்களிற் கண்ட, இதனையொத்த பறவைகளுக்கு மாலுமிகள் பின்னர் அப்பெயரைச் சூட்டினர். இறைச்சிக்காகவும் கொழுப்புக்காகவும், 18ஆம் நூற்றாண்டில் மெத்தைகளுக்கான இறகுக்காகவும், நியூபவுண்லாந்துக்கு அண்மையிலுள்ள பங்க் தீவில் இவை கூட்டங்கூட்டமாகக் கொல்லப்பட்டன.

பசியும் வாணிபமும் விளைத்த அழிவு அது. என்னை உறுத்துவது இதன் இறுதி அத்தியாயமே. 1830இல் எரிமலைக் குமுறலால், ஐஸ்லாந்துக்கருகே இவற்றின் புகலிடமாயிருந்த பாறையொன்று கடலுள் அமிழ்ந்தது. எஞ்சியவை அயலிலுள்ள எல்டே என்னும் செங்குத்துப் பாறைத்தீவை அடைந்தன. பறவை அரிதாயிற்று என்ற செய்தி ஐரோப்பிய நூதனசாலைகளுக்கும் சேகரிப்பாளருக்கும் எட்டியது. அவர்கள் அதனைக் காக்க முற்படவில்லை, பெற்றுக்கொள்ள முந்தினர். தொகை குறையக் குறைய விலை ஏறிற்று. விலை ஏற ஏறத் தொகை மேலுங் குறைந்தது. 1844 ஜூனில் எல்டேயில் இறங்கிய மீனவர்கள், விற்பதற்காக அங்கிருந்த இணையைக் கழுத்தை நெரித்துக் கொன்றனர். அவற்றின் முட்டையும் உடைந்து போயிற்று. அதன்பின் இனம் பெருக்கும் இணை எங்கும் உறுதியாகக் காணப்படவில்லை. அவ்விரு பறவைகளின் உள்ளுறுப்புகள் கொப்பன்கேகன் நூதனசாலையில் பாதுகாக்கப்படுகின்றன.

1858இல் ஜோன் வூலி, அல்பிரட் நியூற்றன் என்னும் ஆங்கில அறிஞர் இருவர் இப்பறவையைத் தேடி ஐஸ்லாந்து சென்றனர். அதனைப் பெறும் ஆசை அவர்களுக்கும் இருந்தது. ஆனாற் கடற் கொந்தளிப்பு எல்டேயில் இறங்க விடவில்லை. மீனவரின் வாய்மொழிகளைக் குறித்துக்கொண்டு வெறுங்கையுடன் மீண்டனர். பின்னர் கேம்பிறிட்ஜிற் பேராசிரியரான நியூற்றன், கடற்பறவைகளைக் காக்கும்படி வாதாடினார். 1869இல் பிரித்தானியாவில் அதற்கான சட்டம் பிறந்தது.

1971இல் ஐஸ்லாந்து மக்கள் பணந்திரட்டி, பாடஞ்செய்யப்பட்ட பெரும் ஓக் ஒன்றை இலண்டன் ஏலத்தில் 9,000 பவுணுக்கு வாங்கினர். உயிரோடிருந்ததை விற்ற மண், உயிரற்றதை மீட்டது.

நான் எடுத்த முட்டையாற் புலுனி இனம் குன்றிவிடவில்லை; வேலியோரங்களில் அது இன்றும் கூட்டமாகக் கத்தித் திரிகின்றது. ஆயினும், தேசிமரத்தில் நீண்ட கையும் எல்டேயில் நீண்ட கையும் ஒரே ஆசையால் நீண்டவை என்பதை மறுக்க என்னால் இயலவில்லை. ஒன்றை அறிய விரும்புவது வேறு. உடைமையாக்க விரும்புவது வேறு. கல்வியின் பெயரால் இவ்விரண்டும் ஒன்றாகிவிடாமற் பார்த்துக்கொள்வது, கற்போராகிய நமது கடன்.