ஒரு மதிப்பெண்

நடுவர் நாற்காலியில் நான் உட்கார்ந்தது வாழ்க்கையில் ஒரே ஒரு நாள். கேரளத்தில் ஒரு மாவட்டப் பள்ளிக் கலோல்சவம். தமிழ்ப் பத்யம் சொல்லும் போட்டி. தமிழ் எம்.ஏ. படித்தவன், மலையாளத்திலிருந்து மொழிபெயர்ப்பவன் என்பதால் அழைத்திருந்தார்கள். மூன்று நடுவர்கள். மதியச் சாப்பாட்டுக்கு முன்பே வேலை முடிந்துவிட்டது.

முதலிடம் ஒரு மலையாளப் பெண்ணுக்கு. இரண்டாமிடம், தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்த தமிழ்ப் பெண்ணுக்கு. வித்தியாசம் ஒரே மதிப்பெண். மாநில மேடைக்குப் போவது முதலிடம் மட்டுமே.

1957இல் எர்ணாகுளத்தில் தொடங்கிய இந்த விழா இன்று கேரளத்தின் பெரிய திருவிழா. மாநில அளவில் கிரேடு வாங்கினால் தேர்வில் கிரேஸ் மார்க் உண்டு. ஆகவே தோல்வி சும்மா விடாது. முதலில் அப்பீல் கமிட்டி. அங்கே நடக்காவிட்டால் அரசியல் சட்டத்தின் 226ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம். இடைக்கால உத்தரவோடு வருபவர்களால் மேடைகள் நள்ளிரவைத் தாண்டி ஓடும். 2018இல் திருச்சூரில், குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே வந்து, கைதுகள் நடந்தன. 2022 டிசம்பரில் இப்படிப்பட்ட மனுக்களைத் தள்ளுபடி செய்த உயர் நீதிமன்றம், தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைப் பழக்குங்கள் என்று பெற்றோருக்குப் புத்தி சொன்னது.

எங்கள் போட்டியும் கோர்ட்டுக்குப் போனது. போனது இரண்டாமிடக்காரர் அல்ல, மூன்றாமிடக்காரர். மைக் சரியில்லை என்று மனு. வசதியான குடும்பம், நல்ல வக்கீல். இடைக்கால உத்தரவு கிடைத்து அந்தப் பிள்ளையும் மாநில மேடை ஏறியது.

தோட்டத்துப் பெண்ணின் அப்பாவை அன்று சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். அவராகவே வந்து வணக்கம் வைத்தார்.

"அப்பீலுக்குப் பணம் கட்டணுமாம் சார். அதுக்குக் கேக்கல. பாப்பா எங்க தப்புப் பண்ணுச்சுன்னு சொன்னீங்கன்னா, அடுத்த வருசம் திருத்திக்குவோம்."

"உச்சரிப்பு கொஞ்சம் போதாது" என்றேன்.

"வீட்ல நாங்க பேசறதுதானே சார் அதுக்கு வரும்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. பஸ் வந்ததும் பெண்ணைக் கூட்டிக்கொண்டு ஏறிப் போய்விட்டார்.

நடந்தது இதுதான். மலையாளப் பெண்ணின் ழகரம் மணியாக ஒலித்தது. தோட்டத்துப் பெண் முதல் வரியிலேயே 'ழ'வை 'ள' ஆக்கினாள். என் பேனா உடனே இரண்டு மதிப்பெண்ணைக் குறைத்தது. உச்சரிப்புக்கு மதிப்பெண் உண்டு, அதில் குற்றமில்லை. ஆனால் அதற்குப் பிறகு நான் அவளைச் சரியாகக் கேட்கவே இல்லை. அவள் பொருள் உணர்ந்து சொன்னாளா, எந்த இடத்தில் குரல் தாழ்ந்தது, ஒன்றும் எனக்கு நினைவில்லை.

இதை எந்த நீதிபதியால் கண்டுபிடிக்க முடியும்? விதி மீறப்பட்டதா, நடுவருக்குப் பாரபட்சம் உண்டா, கூட்டல் சரியா என்று நீதிமன்றம் பார்க்கும். நடுவரின் காதுக்குப் பதிலாகத் தன் காதை வைத்து மறுபடி மதிப்பெண் போடாது, போடவும் கூடாது. என் தாளில் அடித்தல் திருத்தல் இல்லை. கூட்டல் சரி. கையெழுத்தும் இருக்கிறது. எந்த கோர்ட்டிலும் அது ஜெயிக்கும்.

அப்பீலே கூடாது என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. காசு வாங்கும் நடுவர்களும் இருக்கிறார்கள் என்று புகார் வரும்போது, கதவை அடைத்துவிட முடியாது. ஆனால் அந்தக் கதவு வக்கீல் வைக்க முடிந்தவருக்குத்தான் திறக்கிறது. பஸ் ஸ்டாண்டில் நின்றவர் தீர்ப்பை எதிர்க்கவில்லை, காரணம்தான் கேட்டார். ஒவ்வொரு பிள்ளைக்கும் இரண்டு வரி காரணம் எழுதித் தர வேண்டும் என்று விதி இருந்திருந்தால், எழுதுவதற்காகவாவது நான் கடைசி வரை கேட்டிருப்பேன்.

மறு வருடமும் அழைப்பு வந்தது. ஊரில் இல்லை என்று சொல்லிவிட்டேன். ஊரில்தான் இருந்தேன்.