மெலட்டூர்: நாடகம் குடியிருக்கும் ஊர்

தஞ்சாவூரிலிருந்து திட்டை வழியாகத் திருக்கருகாவூர் நோக்கிச் செல்லும் சாலையில், நெல்வயல்களுக்கு நடுவே அமைதியாகக் கிடக்கும் மெலட்டூரைச் சாதாரண நாட்களில் காண்பவர்கள், சோழநாட்டுக் கிராமங்களில் இதுவும் ஒன்று என்று எண்ணிக் கடந்து போய்விடக்கூடும். நரசிம்ம ஜயந்தியை ஒட்டிய இரவுகளில் வந்தாலோ, வரதராஜப் பெருமாள் சந்நிதிக்கு எதிரே, அக்ரகாரத் தெருவையே அரங்கமாக்கிக்கொண்டு, இரவு தொடங்கி விடியும்வரை நடக்கும் பாகவத மேளா நாடகத்தைக் கண்டு, இத்தனை பெரிய கலையை இத்தனை சிறிய ஊர் எவ்வாறு தாங்கி வந்தது என்று வியக்காமல் இருக்க முடியாது.

அதற்கு விடை ஊரின் பூர்வோத்தரத்திலேயே இருக்கிறது. தஞ்சையை ஆண்ட அச்சுதப்ப நாயக்கர், சாஸ்திரத்திலும் சங்கீதத்திலும் தேர்ந்த 510 அந்தணக் குடும்பங்களுக்கு ஆளுக்கொரு வீடும் கிணறும் சாகுபடிக்கு நிலமும் மானியமாக அளித்து இங்கே குடியமர்த்தினார் என்பது வழிவழியாகச் சொல்லப்பட்டு வரும் வரலாறு. உன்னதபுரி என்றும் பெயர் கொண்ட இவ்வூரில்தான், ஸ்வரஜதியிலும் தில்லானாவிலும் புகழ்பெற்ற வீரபத்திரய்யாவும், சப்தங்கள் இயற்றிய காசிநாதய்யாவும், பிரகலாத சரித்திரம், உஷா பரிணயம், ருக்மாங்கதன், மார்க்கண்டேயர், அரிச்சந்திரன் முதலிய தெலுங்கு நாடகங்களை அருளிய வேங்கடராம சாஸ்திரியாரும் தோன்றினார்கள். அரசன் தந்தது ஓர் இரவின் சன்மானமன்று. பல தலைமுறைகள் கவலையின்றி உண்டு உறங்கிப் பாடுவதற்கு வேண்டிய வாழ்வு. அவன் கொடுத்த நிலத்தில் நாடகம் விளைய ஏறக்குறைய இரண்டு நூற்றாண்டுகள் ஆயின என்பதை, கலைக்கு மானியம் வழங்கி மறுவருஷமே கணக்குக் கேட்கும் இக்காலத்தவர் நினைவில் கொள்ள வேண்டும்.

நாடகம் நடக்கும் முறையைச் சிறிது விரித்தே சொல்ல வேண்டும். முதலில் கோணங்கி குதித்தாடி வந்து சபையைக் கலகலப்பாக்குவான். அதன்பின் தோடய மங்களம் என்னும் துதிப்பாடல். அடுத்து, பிள்ளையார் முகம் தரித்த ஒரு சிறுவனின் பிரவேசம். பிறகு ஒவ்வொரு பாத்திரமும் திரைக்குப் பின்னால் நின்று, தனக்குரிய பிரவேச தரு என்னும் நுழைவுப் பாட்டைப் பாகவதர்கள் பாட, திரை விலகியதும் ஆடிக்கொண்டே வெளிப்படும். பெண் வேஷம் கட்டுவோரும் ஆண்களே. இரணியனின் தேவியான லீலாவதியாக ஓர் ஆண்மகன் தோன்றி, மகனுக்கும் கணவனுக்கும் இடையே நின்று தவிக்கும் தாயின் வேதனையை விழியாலும் விரலாலும் காட்டுகையில், தெலுங்கு அறியாத கிழவிகளும் முந்தானையால் கண்களை ஒற்றிக்கொள்கிறார்கள்.

பிரகலாத சரித்திரத்தில் நரசிம்மர் அணியும் முகம் நாடகச் சாமான்களோடு பெட்டியில் கிடப்பதன்று. கோயிலில் பூஜை பெறுவது. அதைத் தரிப்பவர் உபவாசமிருந்து, விடியற்காலையில் முகத்தை ஏற்றுக்கொண்டதும் ஆவேசம் மேலிட, பக்கத்தில் நிற்பவர்கள் பற்றிப் பிடித்து நிறுத்த வேண்டியிருக்கிறது. அந்நேரத்தில் நடிகர் எங்கே முடிகிறார், தெய்வம் எங்கே தொடங்குகிறது என்று ஆராயும் எண்ணம் தெருவில் அமர்ந்திருக்கும் எவருக்கும் எழுவதில்லை.

இந்த மரபு இடையறாது ஓடி வந்தது என்று சொல்வதற்கில்லை. இதைப் பேணி வந்த பரதம் நடேசையருக்குப் பின் தளர்ந்து, மீண்டும் தழைத்தது. சதிர் நடனத்துக்காக வாதாடிய வழக்கறிஞர் இ. கிருஷ்ணையர் இதன் அருமையையும் வெளியுலகுக்கு எடுத்துரைத்தார். உஷா பரிணயம் ருக்மிணி தேவியின் கலாக்ஷேத்திர மேடையிலும் ஏறியது. சூலமங்கலம், ஊத்துக்காடு, நல்லூர் போன்ற ஊர்களிலும் ஒருகாலத்தில் ஓங்கியிருந்த இக்கலை, அங்கெல்லாம் மங்கிய பின்னும் மெலட்டூரில் நிலைத்தது பெரும் பாக்கியம்.

இன்று மானிய நிலத்தை நம்பி வாழும் நடிகர் இல்லை. சென்னையிலும் பெங்களூரிலும் உத்தியோகம் பார்க்கிறவர்கள் விடுமுறை எடுத்துக்கொண்டு வந்து, தந்தை கட்டிய வேஷத்தைத் தாமும் கட்டி, கூலி எதிர்பாராமல் அதைப் பெருமாளுக்குச் செலுத்தும் காணிக்கையாகக் கருதி ஆடிவிட்டுத் திரும்புகிறார்கள். இரண்டு குழுக்கள் தனித்தனியே விழா நடத்துகின்றன. சங்கீத நாடக அகாதமி போன்ற ஸ்தாபனங்களும் தனவந்தர்களும் கைகொடுத்திருக்கிறார்கள். அவ்வுதவியைக் குறைத்துப் பேசுவது நன்றியன்று. ஆயினும் நகரத்து மேடைக்கு அழைத்து, ஓர் இரவு முழுவதும் விரிய வேண்டிய நாடகத்தை இரண்டு மணி நேரத்தில் சுருக்கிக் காட்டச் செய்து, பொன்னாடை போர்த்தி அனுப்புவதால் மட்டும் இக்கலை வளர்ந்துவிடாது. நடிகர் தம் சம்பளத்தில் காலம் தள்ளலாம். பக்கபலமாக நிற்கும் பாகவதருக்கும், மிருதங்கக்காரருக்கும், பிள்ளைகளுக்குத் தெலுங்கு சாகித்தியத்தைப் பொருளோடு பாடம் சொல்லி அபிநயம் பழக்கும் வாத்தியாருக்கும் ஆண்டு முழுவதும் ஜீவனம் நடக்க வேண்டும். திருவிழாச் செலவுக்குத் தருகிற தொகையில் ஒரு பங்கையேனும் அந்தப் பாடத்துக்கென்று ஒதுக்கி, பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளைக் கோடை விடுமுறையில் ஊரிலேயே தங்க வைத்துக் கற்பிக்க வகைசெய்தால், அச்சுதப்ப நாயக்கர் செய்த காரியத்தை நம் காலத்துக்கு ஏற்ற அளவில் செய்ததாகும்.

பொருள் கொடுக்க இயலாதவர்களும் போய்ப் பார்க்கலாம். தஞ்சாவூரிலிருந்து பஸ் இருக்கிறது. கோணங்கி வருவதற்கு முன்பே தெருவில் இடம் பிடித்துக்கொள்வதும், பிரகலாத சரித்திரமானால் விடியும் முன் எழுந்துவிடாமல் இருப்பதும் அவசியம்.