ப்ராக்: தலைகுனிந்து பார்க்க வேண்டிய நகரம்!

ஐரோப்பா டூர் போகிறவர்களுக்குக் கழுத்து வலி நிச்சயம். கோபுரம், மணிக்கூண்டு, கோட்டை என எல்லாவற்றையும் அண்ணாந்துதான் பார்க்க வேண்டும். செக் குடியரசின் தலைநகரான ப்ராக்குக்கு ‘நூறு கோபுரங்களின் நகரம்’ என்றே ஒரு பெயர் உண்டு. ஆனால், இந்த ஊர் பட்ட பாடு என்னவென்று தெரிய வேண்டுமானால் தலையைக் குனிந்து தரையைப் பார்க்க வேண்டும். பஸ் ஜன்னல் வழியாக அது தெரியாது. நடக்கத்தான் வேண்டும்.

ப்ராக்கில் நடைப்பயண டூர்கள் இரண்டு வகை. முதலாவது, ‘இலவச டூர்’. குடை பிடித்த கைடு முன்னால் போக, முப்பது நாற்பது பேர் பின்னால் போவார்கள். முடிவில் விரும்பிய தொகையைக் கொடுக்கலாம். இரண்டாவது, முன்பணம் கட்டிப் போகும் சிறு குழு டூர். எட்டு, பத்து பேருக்கு மேல் சேர்க்க மாட்டார்கள்.

அங்கு வேலை பார்க்கும் அக்காவைப் பார்க்க, போன அக்டோபரில் அம்மாவும் நானும் போயிருந்தோம். அம்மா ஓய்வுபெற்ற தமிழாசிரியை. 61 வயது, முட்டி வலி வேறு. ஊர் முழுக்க கல் பாவிய தெருக்கள். “பெரிய கூட்டத்துல போனா அம்மாவால ஈடுகொடுக்க முடியாது” என்று சொல்லி, அக்காதான் சிறு குழு டூருக்கு புக் செய்தாள். ஸ்பெயின் தம்பதி, மூன்று கொரிய மாணவர்கள், ஒரு பிரேசில்காரர், நாங்கள் இருவர் என மொத்தம் எட்டு பேர். கைடாக வந்த பெண்ணுக்கு நாற்பது வயதிருக்கும். முதல் வார்த்தையே, “இன்று மூன்று மணி நேரம். யாரும் வேகமாக நடக்க வேண்டாம். அடிக்கடி கீழே பாருங்கள்” என்பதுதான்.

மணிக்கூண்டும் 27 சிலுவைகளும்

தொடக்கம் பழைய நகரச் சதுக்கம். ஒவ்வொரு மணிக்கும் அங்குள்ள வானியல் கடிகாரத்தின் முன்னால் பெருங்கூட்டம் கூடிவிடுகிறது. 1410-ல் செய்யப்பட்ட கடிகாரம் இன்றும் ஓடுகிறது. மணி அடிக்கும்போது எலும்புக்கூடு பொம்மை கயிற்றை இழுக்க, இயேசுவின் பன்னிரண்டு சீடர்களின் உருவங்கள் சின்ன ஜன்னல்களில் வந்து போகும். கடைசியில் ஒரு சேவல் கூவும். அவ்வளவுதான், செல்போன்கள் எல்லாம் கீழே இறங்கிவிடும்.

இந்தக் கடிகாரத்தைச் செய்த ஹனுஷ் என்பவர் வேறு ஊருக்கும் இதுபோல் செய்துவிடக் கூடாதென்று அவரது கண்களைக் குருடாக்கிவிட்டார்கள் என்று ஒரு கதை உண்டு. தாஜ் மஹால் கட்டியவர்களின் கைகளை வெட்டினார்கள் என்று நாம் கேட்டிருக்கிறோமே, அதே ரகம். “நல்ல கதை. ஆனால், உண்மையில்லை” என்றார் கைடு. கடிகாரத்தைச் செய்தவர் மிகுலாஷ் என்ற கைவினைஞர் என்பது பழைய ஆவணம் ஒன்றிலிருந்து பிற்பாடு தெரியவந்திருக்கிறது.

“ஆனால், இங்கே நடந்த நிஜக் கொடுமை உங்கள் காலடியில் இருக்கிறது” என்று தரையைக் காட்டினார். கடிகாரத்துக்குப் பக்கத்திலேயே கருங்கற்களுக்கு நடுவே வெள்ளைக் கற்களில் 27 சிலுவைகள். ஆட்சி செய்த ஹாப்ஸ்பர்க் வம்சத்துக்கு எதிராகக் கிளர்ந்த செக் பிரபுக்களும் நகரத்தாரும் 1620 நவம்பரில் வெண்மலைப் போரில் தோற்றார்கள். அடுத்த ஆண்டு ஜூன் 21 அன்று, அவர்களில் 27 பேருக்கு இதே இடத்தில் மரண தண்டனை. அதில் 12 பேரின் தலைகளைச் சார்லஸ் பாலத்துக் கோபுரத்தில் தொங்கவிட்டார்கள். பத்தாண்டுகள் அவை அங்கேயே இருந்தன!

கைடு சொல்லி முடிப்பதற்குள் அந்தச் சிலுவைகள் மேலேயே நின்று நான்கைந்து பேர் செல்ஃபி எடுத்துவிட்டுப் போனார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. யாராவது சொன்னால்தானே தெரியும்!

பித்தளைக் கற்கள்

சதுக்கத்திலிருந்து வடக்கே சில நிமிடம் நடந்தால் யோசெஃபோவ். யூதர்கள் பல நூற்றாண்டுகள் வாழ்ந்த பகுதி. இப்போது விலை உயர்ந்த கடைகள் வரிசைகட்டி நிற்கின்றன. ஒரு வீட்டு வாசலில் கைடு குனிந்தார். நடைபாதைக் கற்களுக்கு நடுவே உள்ளங்கை அளவு பித்தளைத் தகடு. 10 சென்டிமீட்டர் நீளம், 10 சென்டிமீட்டர் அகலம். ‘இங்கே வாழ்ந்தார்’ என்று தொடங்கி, பெயர், பிறந்த ஆண்டு, நாஜிகள் அழைத்துப்போன நாள், கொல்லப்பட்ட இடம் ஆகியவை அதில் பொறிக்கப்பட்டிருந்தன.

ஜெர்மனியைச் சேர்ந்த கலைஞர் குந்தர் டெம்னிக் தொடங்கிய முயற்சி இது. ஐரோப்பாவின் பல ஊர்களில் இப்படிப் பதித்திருக்கிறார்கள். செக் மொழியில் இவற்றுக்கு ‘மறைந்துபோனவர்களின் கற்கள்’ என்று பெயர். பெயரைப் படிக்க வேண்டுமென்றால் குனிந்தே ஆக வேண்டும். அம்மா முட்டியைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். “பொறந்த வருஷத்தைப் பாரும்மா. போனப்ப அந்தப் பொண்ணுக்கு ஒம்பது வயசு” என்றார். அதன்பின் கொஞ்ச தூரம் யாரும் பேசவில்லை.

அருகிலுள்ள பிங்காஸ் யூத ஆலயத்தின் உட்சுவர்களில், கொல்லப்பட்ட ஏறக்குறைய 80,000 செக் யூதர்களின் பெயர்களைக் கையால் எழுதிவைத்திருக்கிறார்கள். 1950-களில் எழுதப்பட்ட இந்தப் பெயர்கள் கம்யூனிஸ்ட் ஆட்சியில் ஆலயம் மூடப்பட்டிருந்த காலத்தில் அழிந்தன. ஆட்சி மாறிய பிறகு, 1990-களில் ஒவ்வொன்றாகத் திரும்ப எழுதினார்கள். மாடியில், தெரெசின் முகாமில் அடைக்கப்பட்ட குழந்தைகள் வரைந்த ஓவியங்கள் இருக்கின்றன. எங்கள் டூரில் உள்ளே போவது சேரவில்லை. மறுநாள் தனி டிக்கெட் எடுத்துப் போனோம். அவசியம் போக வேண்டிய இடம்.

அம்மா கேட்ட கேள்வி

அங்கிருந்து வல்டாவா ஆற்றங்கரைக்கு வந்தோம். கரையோரம் யான் பாலாஹ் சதுக்கம். அதன் ஒரு பக்கத்தில் சார்லஸ் பல்கலைக்கழகத்தின் கலைப்புலக் கட்டடம். “1348-ல் தொடங்கிய பல்கலைக்கழகம்” என்று கைடு சொன்னதும் அம்மா என் கையைப் பிடித்தார். “ஏம்மா, சுவலபில் படிச்சது இங்கதானே? கேளேன்!”

கமில் சுவலபில், 1927-ல் ப்ராக்கில் பிறந்து, சார்லஸ் பல்கலைக்கழகத்தில் படித்து, தமிழிலக்கியத்துக்கே வாழ்நாளைக் கொடுத்த அறிஞர். சங்கப் பாடல்களையும் சித்தர் பாடல்களையும் மேலை நாட்டு வாசகர்களுக்கு அறிமுகப்படுத்தியவர். ‘முருகனின் புன்னகை’ என்று பொருள்படும் தலைப்பில் தமிழிலக்கியம் பற்றி அவர் எழுதிய ஆங்கில நூல் 1973-ல் வந்தது.

கைடு அவரைப் பற்றிக் கேள்விப்பட்டதே இல்லை. ஆனால், “1968 படையெடுப்புக்குப் பிறகு நாட்டைவிட்டு வெளியேறிவிட்டார்” என்று நான் சொன்னதும் அவர் முகம் மாறியது.

1968 ஆகஸ்ட் 20 இரவு சோவியத் தலைமையிலான படைகள் செக்கோஸ்லோவாகியாவுக்குள் டாங்குகளோடு நுழைந்தன. கொஞ்சம் சுதந்திரமாக மூச்சுவிடத் தொடங்கியிருந்த நாட்டை ஒரே இரவில் அடக்கின. அதன்பிறகு ஆயிரக்கணக்கானோர் வெளியேறினார்கள். “என் பாட்டியின் தம்பியும் அப்படிப் போனவர்தான். அவரைப் பாட்டி மறுபடி பார்த்தது 1990-ல்” என்றார் கைடு. பிறகு அம்மாவிடம் போனைக் கொடுத்து, சுவலபில் பெயரைத் தட்டச்சு செய்து தரச் சொன்னார். ஸ்பெயின் தாத்தா, “தமிழ் எவ்வளவு பழைய மொழி?” என்று கேட்க, பாலம் வரும்வரை அம்மா வகுப்பெடுத்தார், நான் மொழிபெயர்த்தேன். நாற்பது பேர் கூட்டத்தில் இது நடந்திருக்காது.

சார்லஸ் பாலத்தில் நாங்கள் ஏறவில்லை. முகப்பில் நின்று, 12 தலைகள் தொங்கிய கோபுரத்தை மட்டும் பார்த்துவிட்டு நகர்ந்தோம். “பாலத்துக்கு நாளை காலை ஆறு மணிக்கு வாருங்கள். முப்பது சிலைகளும் உங்களுக்கு மட்டும்தான்” என்றார் கைடு.

சாவிக்கொத்துப் புரட்சி

அடுத்து நாரோத்னி தெரு. 1989 நவம்பர் 17 அன்று ஊர்வலம் வந்த மாணவர்களைப் போலீஸ் வளைத்து அடித்த இடம். ஒரு வளைவுக்குக் கீழே, சுவரிலிருந்து நீளும் வெண்கலக் கைகள்தான் அதற்கு நினைவுச்சின்னம். அந்த அடியில் தொடங்கிய போராட்டம் சில வாரங்களில் கம்யூனிஸ்ட் ஆட்சியை முடித்துவைத்தது. டிசம்பர் 29 அன்று, சிறையிருந்த நாடக ஆசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெல் நாட்டின் அதிபரானார்!

அந்த நாட்களில் வென்செஸ்லாஸ் சதுக்கத்தில் லட்சக்கணக்கானோர் திரண்டு, வீட்டுச் சாவிக்கொத்துகளை எடுத்துக் குலுக்கினார்கள். ‘நேரமாகிவிட்டது, கிளம்புங்கள்’ என்று ஆட்சியாளர்களுக்குச் சொல்லும் மணியோசை அது. கைடு தன் சாவிக்கொத்தை எடுத்துக் குலுக்கிக் காட்டினார். “அப்போது எனக்கு நான்கு வயது. அப்பா தோளில் உட்கார்ந்திருந்தேன். வேறொன்றும் நினைவில்லை, இந்தச் சத்தம் மட்டும் நினைவிருக்கிறது.”

அந்தச் சதுக்கத்தின் கீழ்முனையிலும் தரைக்கு ஒரு கதை உண்டு. 2020-ல் நடைபாதையைப் பெயர்த்தபோது சில கற்களின் அடிப்பக்கத்தில் ஹீப்ரு எழுத்துகள் தெரிந்தன. கம்யூனிஸ்ட் ஆட்சியின் கடைசிக் காலத்தில் யூதர்களின் கல்லறைக் கற்களை உடைத்துத் தெருவுக்குப் பாவியிருக்கிறார்கள்! அந்தக் கற்களைச் சேகரித்து, பழைய யூத இடுகாடு ஒன்றில் நினைவிடம் அமைத்திருக்கிறார்கள்.

சதுக்கத்தின் மேல்முனை, தேசிய அருங்காட்சியகம். அதன் வாசலில் தரை ஓரிடத்தில் மேடாகப் புடைத்திருக்கிறது. மண்ணுக்குள்ளிருந்து எதுவோ எழுந்துவரப் பார்ப்பதுபோல், அதன்மேல் படுத்த நிலையில் வெண்கலச் சிலுவை. 1969 ஜனவரி 16 அன்று, படையெடுப்பை எதிர்த்து, இன்னும் சொல்லப்போனால் அதை மெல்ல ஏற்றுக்கொள்ளத் தொடங்கிவிட்ட மக்களைத் தட்டியெழுப்ப, இங்கே தனக்குத் தீ வைத்துக்கொண்டவர் யான் பாலாஹ். வயது 20. சார்லஸ் பல்கலைக்கழக மாணவர். ஆற்றங்கரையில் பார்த்தோமே, அந்தச் சதுக்கத்துக்கு இவர் பெயர்தான். 1989 வரை அதற்கு செஞ்சேனையின் பெயர்.

“எங்களை ஆண்டவர்கள் எல்லோரும் உயரமாகத்தான் கட்டினார்கள். நாங்கள் எழுத நினைத்ததற்குத் தரைதான் மிஞ்சியது” என்று சொல்லி டூரை முடித்தார் கைடு. கொரிய மாணவர்களில் ஒருவர், சிலுவையைச் சுற்றி ஒதுங்கி நடந்து போனார்.

போகிறவர்களுக்குச் சில டிப்ஸ்

* புக் செய்யும் முன் குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர் என்று பாருங்கள். பத்துக்குள் இருந்தால் நல்லது.

* ஹீல்ஸ், புதுச் செருப்பு வேண்டாம். கல் தெருவுக்குக் கனமான அடிப்பாகம் உள்ள ஷூதான் சரி. மழை பெய்தால் கற்கள் வழுக்கும்.

* பெரியவர்கள் வருகிறார்கள் என்றால் முன்பே தெரிவியுங்கள். எங்கள் கைடு பாதிவழியில் கால் மணி நேரம் காபி இடைவேளை விட்டார். திரும்பும்போது டிராமில் வந்துவிடலாம்.

* இங்கே யூரோ அல்ல, செக் கொருனாதான் நாணயம். பொதுக் கழிப்பறைக்குப் பல இடங்களில் காசு கேட்பார்கள். சில்லறை வைத்திருங்கள்.

* வானியல் கடிகாரத்தின் முன் எல்லோரும் மேலே பார்க்கும் நேரத்தில், கைப்பையில் ஒரு கண் இருக்கட்டும்.

* பிங்காஸ் ஆலயத்துக்குச் சனிக்கிழமை விடுமுறை.

* முக்கியமாக, கைடிடம் கேள்வி கேளுங்கள். ஆங்கிலம் தடுமாறினாலும் பரவாயில்லை. சிறு குழுவுக்குக் கூடுதலாகக் கொடுக்கும் பணம் அதற்காகத்தான்!