மையும் மெய்யும்

உண்பதற்கு ஒரு பொருள், உடுப்பதற்கு ஒரு பொருள், நோய் தீர்ப்பதற்கு ஒரு பொருள் என்று மனிதன் உலகத்துப் பொருள்களைப் பயன்படுத்தி வருகிறான். மறைந்ததை வெளிப்படுத்தவும், காணாததைக் காட்டவும் வல்லதென்று சொல்லப்படும் பொருள் ஒன்றும் நம் தோட்டப்புறங்களில் விலைபோகின்றது. அதுதான் மை. கண்ணுக்குத் தீட்டும் மையன்று. வெற்றிலையில் தடவிக் கள்வனைக் காட்டுவதாகச் சொல்லப்படும் மை. அஞ்சனம் என்று பெரிய பெயர் சூட்டப்பெற்ற மை. இதன் பயன் யாது, கேடு யாது என்பதை நாம் ஈண்டு எழுதப் புகுந்தது, அந்தக் கரி நம் கையிலும் ஒட்டியிருப்பதனால்தான்.

மைக்காரர்கள் தங்கள் சரக்கைப் பற்றிக் கூறும் பெருமைக்கு அளவில்லை. அரிய வேர்களைச் சுட்டெடுத்தது என்பர். தலைச்சன் பிள்ளையின் மண்டையோட்டில் கூட்டியது என்று காதோடு சொல்லி அச்சமூட்டுவர். விளக்குப் புகைக்கரியை ஆமணக்கெண்ணெயில் குழைத்தால் இதே கறுப்பும் இதே பளபளப்பும் வரும் என்பதைக் குழந்தைக்கு மை கூட்டிய எந்தத் தாயும் அறிவாள். வெற்றிலையில் மையைத் தடவி, விளக்கருகே ஒரு சிறுவனை அமர்த்தி, இமை கொட்டாமல் பார்க்கச் செய்வர். மைக்காரர் கேட்பார், சிறுவன் விடை சொல்வான், அவ்விடையே தீர்ப்பாகும்.

இம்மடமை தமிழருக்கு மட்டும் உரியதென்று எவரும் எண்ண வேண்டா. எட்வர்ட் லேன் என்னும் ஆங்கிலேயர் 1836இல் வெளியிட்ட நூலில், எகிப்து நாட்டில் ஒரு சிறுவனின் உள்ளங்கையில் எழுதும் மையை ஊற்றி உருவங்களைக் காணச் செய்ததை விவரித்திருக்கிறார். நம் மலாய் அண்டைவீட்டாரிடையே, பிணத்தின் மோவாயிலிருந்து வடித்ததென்று நம்பப்படும் 'மின்யாக் டாகு' என்னும் வசிய எண்ணெயைப் பற்றிய பேச்சு உண்டு. ஆசைக்கும் அச்சத்துக்கும் சாதி ஏது, சமயம் ஏது?

2014ஆம் ஆண்டு ஆடி மாதத்தில் நிகழ்ந்ததைச் சொல்லுகிறோம். ஜொகூர் மாநிலத்தில், குளுவாங் பக்கத்துச் செம்பனைத் தோட்டம் ஒன்றில் நாம் இளைய கிராணியாய் இருந்தோம். மாரியம்மன் திருவிழாவுக்கு வீடு வீடாகத் தண்டிய 3,400 வெள்ளி, பிஸ்கட் டின்னோடு பொருளாளர் வீட்டிலிருந்து காணாமற்போயிற்று. ரசீதுப் புத்தகம் கிடையாது. போலீசுக்குப் போனால் வேலைநாளும் கெடும், கோயிலின் பெயரும் கெடும் என்று பெரியவர்கள் கருதி, 300 வெள்ளி கொடுத்து வெளியூர் மைக்காரர் ஒருவரை வரவழைத்தனர்.

கோயில் மண்டபத்தில் கூட்டம் நிறைந்திருந்தது. பத்து வயதுச் சிறுவன் ஒருவன் வெற்றிலையை உற்று நோக்கினான். நெடுநேரம் ஒன்றும் தெரியவில்லை என்றான். "ஆணா, பெண்ணா?" என்றார் மைக்காரர். "ஆண்." "சட்டை என்ன நிறம்?" "நீலம்." அவ்வளவுதான். கூடியிருந்தோர் அனைவர் நெஞ்சிலும் ஒரே முகம் தோன்றிற்று. தகப்பனில்லாத இளைஞன், குலை வெட்டுபவன், சம்பள நாளில் குடிப்பவன், எந்நாளும் அந்த நீலச் சட்டையை அணிபவன்.

அச்சிறுவன் மாலைதோறும் நம்மிடம் ஆங்கிலப் பாடம் கேட்க வருபவன். பணம் போன மறுநாள் அவன் பாடம் எழுதிக்கொண்டிருக்கையில், நாம் ஒரு நண்பரிடம், 'நீலச் சட்டைக்காரன் பொருளாளர் வீட்டுப் பக்கம் நின்றதைக் கண்டோம்' என்று போகிற போக்கில் சொல்லியிருந்தோம். நாம் சிந்திய சொல்லே வெற்றிலையில் ஏறி, அம்மன் சந்நிதியில் சாட்சியாய் நின்றது! அதை அக்கணமே உணர்ந்தோம். அறிவியலை ஆங்கிலத்திலேயே கற்றுத் தேறிய நாம் எழுந்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பெரியவர்களின் பகைக்கு அஞ்சி வாளாவிருந்தோம். அன்றிரவு அவ்விளைஞனை அடித்தார்கள். வாரம் முடியுமுன் அவன் தாயை விட்டுத் தோட்டத்தை நீங்கினான்.

சிறுவன் பொய் சொன்னானா? இல்லை. அசையாமல் ஒரு புள்ளியையே நோக்கினால் சுற்றியுள்ளவை மங்கி மறையும் என்பதை டிரொக்ஸ்லர் என்னும் மருத்துவர் 1804லேயே கூறினார். இத்தாலி நாட்டு அறிஞர் கப்பூட்டோ 2010இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், மங்கிய வெளிச்சத்தில் கண்ணாடியை நோக்கிய 50 பேரில் பலர், தம் முகம் கோணியதாகவும், பிறர் முகங்களும் விந்தை உருவங்களும் தோன்றியதாகவும் கூறினர். பளபளக்கும் மையும் ஒருவகைக் கண்ணாடியே. கண் தடுமாறும், அத்தடுமாற்றத்துக்கு உருவம் தருவது காதில் முன்பே விழுந்த பேச்சு.

மையினால் பயனே இல்லையா என்று கேட்பாரும் உளர். உண்டு. 'நாளை மை போடப் போகிறோம்' என்ற சொல் பரவிய இரவிலேயே, காணாமற்போன சங்கிலி வாசற்படிக்குத் திரும்பி வந்ததை நாம் அறிவோம். ஆயின் அது அச்சத்தின் வேலை, மையின் வேலையன்று. அச்சம் சில வேளை கள்வனைப் பிடிக்கும். பல வேளை கேட்பாரற்றவனைப் பிடிக்கும். மைக்காரரின் பையில் மெய்யாகவே அறிவைத் திரிக்கும் பொருளும் இருத்தல் கூடும். வசிய மருந்தென்று சோற்றில் கலக்க விற்கப்படுவனவற்றில் ஊமத்தை சேருமானால் தொண்டை வறளும், கண்மணி விரியும், பிதற்றல் உண்டாகும், உயிரும் போகும். அது மந்திரமன்று, நஞ்சு.

அடுத்த போகிக்கு வீட்டை ஒழிக்கையில், பொருளாளர் வீட்டுப் பரணில் அந்தப் பிஸ்கட் டின் பணத்தோடு கிடைத்தது. அவருடைய முதிய தாயார் பத்திரமாக எடுத்து வைத்து மறந்திருந்தார். செய்தி கேட்ட அவ்விளைஞனின் தாய் நம் ஆபீசு வாசலுக்கு வந்து நின்றார். "கிராணி ஐயா, மையிலே தெரிஞ்சப்போ ஊரையே கூட்டுனீங்க. டின்னு கெடைச்சப்போ ஏன் யாரும் கூட்டல?" என்றார். நம்மிடம் விடையில்லை. மகன் இன்றுவரை திரும்பவில்லை.

பெரியார் 1929இல் மலாயாவுக்கு வந்து பகுத்தறிவைப் பேசிச் சென்று தொண்ணூறு ஆண்டுகள் கடந்துவிட்டன. அற்புதத்தைச் சோதனையில் மெய்ப்பிப்போர்க்கு இலட்சம் ரூபாய் தருவதாக இலங்கையில் ஆபிரகாம் கோவூர் 1963இல் அறிவித்தார். 1978இல் அவர் மறையும்வரை அதனை வென்றார் எவருமிலர். இவையெல்லாம் தெரிந்திருந்தும் நாம் மண்டபத்தில் வாய்மூடி அமர்ந்திருந்தோமே! ஆதலின் படியாதவரைப் பழிப்பதற்கு முன் படித்தவர் தம்மைக் கேட்டுக்கொள்க.

தோழர்களே! கோயில் பணமோ சங்கப் பணமோ, ரசீது கொடுங்கள். இருவர் கையொப்பத்தோடு வங்கியில் இடுங்கள். களவு போனால் போலீசில் புகார் எழுதுங்கள். எழுதத் தெரியாதவர் தோட்டத்துக் கிராணியிடம் வரட்டும். எழுதும் மை நம்மிடம் உண்டு; அதை இனியேனும் உரிய நேரத்தில் பயன்படுத்துவோம்.