குத்தகை பாக்கியில்லை... ஆனாலும் வெளியேற்றம்! ஸ்காட்லாந்தின் குரோய்க் சொல்லும் கதை

ஸ்காட்லாந்தின் வடக்கே, இன்வெர்னெஸ் நகரிலிருந்து கிளம்பும் ரயிலில் ஏறினால் ஆர்ட்கை என்ற சின்ன நிலையம் வரும். அங்கிருந்து கேரன் ஆற்றை ஒட்டி மேற்கே சுமார் 16 கிலோமீட்டர் போனால் குரோய்க். ஒரு வண்டி மட்டுமே போகக்கூடிய சாலை. இரண்டு பக்கமும் மலைச்சரிவுகள், ஈர நிலம், மேயும் ஆடுகள். ஊர் என்று சொல்ல அங்கே விரல்விட்டு எண்ணக்கூடிய வீடுகள்தான். கடை இல்லை, சந்தை இல்லை. ஆனாலும், பல நாடுகளிலிருந்து ஆட்கள் தேடி வருகிறார்கள். காரணம், அங்கிருக்கும் ஒரு சின்ன தேவாலயமும் அதன் ஜன்னல் கண்ணாடிகளும்தான்.

சாலைகளுக்கும் பாலங்களுக்கும் பெயர்பெற்ற பொறியாளர் தாமஸ் டெல்ஃபோர்டு. அவருடைய பொறுப்பில், மலைப்பகுதி மக்களுக்காக அரசு செலவில் 30-க்கும் மேற்பட்ட தேவாலயங்கள் கட்டப்பட்டன. 1827-ல் முடிந்த குரோய்க் தேவாலயம் அவற்றில் ஒன்று. சுற்றிலும் கல் மதில், உள்ளே கல்லறைத் தோட்டம். மதிலுக்குப் பக்கத்திலேயே, சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முன்பு சுண்ணாம்போ மண்சாந்தோ இல்லாமல் கல்மேல் கல் அடுக்கிக் கட்டிய வட்டக் கோபுரம் ஒன்றின் இடிபாடும் கிடக்கிறது. அந்தப் பகுதியில் இவற்றை ‘புரோக்’ என்கிறார்கள். அத்தனை காலமாக மனிதர்கள் குடியிருந்த மண் அது.

ஆடுகள் வந்தன... ஆட்கள் போனார்கள்!

குரோய்க்குக்கு அருகிலிருக்கும் பள்ளத்தாக்கு கிளென்கால்வி. 1840-களில் அங்கே 18 குடும்பங்கள், சுமார் 90 பேர் வாழ்ந்தார்கள். பெரும்பாலோர் ராஸ் என்ற குடும்பப் பெயர் கொண்டவர்கள். பேசியது கேலிக் மொழி. ஆற்றோரத் துண்டு நிலங்களில் தானியமும் உருளைக்கிழங்கும் போட்டார்கள். மலையில் மாடு மேய்த்தார்கள். நிலம் அவர்களுடையது அல்ல. தலைமுறை தலைமுறையாகக் குத்தகை கட்டி உழுதவர்கள். ஆண்டுக் குத்தகை 55 பவுண்டு 10 ஷில்லிங். ஒரு பைசா பாக்கி வைத்ததில்லை.

பிறகு ஏன் வெளியேற்றினார்கள்? கம்பளிக்கு நல்ல விலை கிடைத்த காலம் அது. செவியட் என்ற இனத்து ஆடுகள், மலைக்குளிரைத் தாங்கி நன்றாக எடை போட்டன. 18 குடும்பங்களிடம் தனித்தனியாகக் குத்தகை வாங்குவதைவிட, மொத்த மலையையும் ஒரே பெரிய ஆட்டுப்பண்ணைக்காரரிடம் விட்டால் நில உரிமையாளருக்குக் கூடுதல் பணம். வடக்கு ஸ்காட்லாந்து முழுவதும் இதே கணக்குத்தான் ஓடியது. 1792-லேயே ராஸ் பகுதி மக்கள் திரண்டு, நில உரிமையாளர்கள் இறக்கிய ஆடுகளை ஊரைவிட்டே ஓட்டப் பார்த்தார்கள். ராணுவம் வந்து அடக்கியது. அந்த ஆண்டை ‘ஆடுகளின் ஆண்டு’ என்றே அங்கே சொல்வார்கள்.

கிளென்கால்வியின் நில உரிமையாளர் மேஜர் சார்லஸ் ராபர்ட்சன், ராணுவப் பணியில் ஆஸ்திரேலியாவில் இருந்தார். நிர்வாகம் முழுவதும் ஜேம்ஸ் கிலாண்டர்ஸ் என்ற ஏஜென்ட் கையில். 1842-ல் வெளியேற்ற நோட்டீஸோடு ஆட்கள் வந்தபோது, ஊர்ப் பெண்கள் வழிமறித்து, அந்தக் காகிதங்களை நெருப்பில் பொசுக்கிவிட்டார்கள். அதனால் கிடைத்தது கொஞ்ச கால அவகாசம் மட்டுமே. 1845 மே மாதம் எல்லோரும் வெளியேற வேண்டியதாயிற்று.

கல்லறைத் தோட்டத்தில் தஞ்சம்

சில குடும்பங்களுக்கு மட்டுமே வேறு இடம் கிடைத்திருந்தது. மற்ற சுமார் 80 பேர் குரோய்க் கல்லறைத் தோட்டத்தில் தஞ்சம் புகுந்தார்கள். தேவாலயத்துக்குள் தங்குவது பாவம் என்று நினைத்து வெளியிலேயே இருந்துவிட்டார்கள் என்பது அங்கே வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. கம்புகளை நட்டு, தார்ப்பாய், போர்வை, குதிரைத்துணி எல்லாவற்றையும் இழுத்துக் கட்டி, குளிரிலும் மழையிலும் கிடந்தார்கள். அவர்களில் பத்து வயதுக்குட்பட்ட பிள்ளைகள் மட்டும் 23 பேர். குரோய்க்கில் போதகராக இருந்த குஸ்டாவஸ் எய்ர்ட் அவர்களுக்குத் துணையாக நின்றார். லண்டனின் ‘தி டைம்ஸ்’ நாளிதழ் தன் நிருபரை நேரில் அனுப்பி எழுதியது. நாடே படித்தது. ஆனாலும் நிலம் திரும்பக் கிடைக்கவில்லை.

அங்கே தங்கியிருந்தவர்கள், தேவாலயத்தின் கிழக்கு ஜன்னலில் வைரக்கட்டம் போட்ட கண்ணாடிகளில் வெளிப்பக்கமிருந்து கீறி எழுதினார்கள். பேசியது கேலிக் என்றாலும், எழுதியது ஆங்கிலத்தில். 1845 மே 24 அன்று கிளென்கால்வி மக்கள் இந்தக் கல்லறைத் தோட்டத்தில் இருந்தார்கள் என்கிறது ஒரு கீறல். இன்னொன்று, கிளென்கால்வி மக்களைப் பொல்லாத தலைமுறை என்கிறது. குத்தகை பாக்கியில்லை, குற்றம் ஏதுமில்லை. ஆனாலும், இந்தத் துன்பம் தங்கள் பாவத்துக்குக் கிடைத்த தண்டனை என்று அவர்களே நம்பிவிட்டார்கள். வருகிறவர்களின் மனதைப் பிசைவது இந்த வரிதான்.

41 ஆண்டுகள் கழித்து வந்த சட்டம்

1854-ல் அதே ஆற்றுப்படுகையில் இருக்கும் கிரீன்யார்ட்ஸிலும் வெளியேற்றம் நடந்தது. எதிர்த்து நின்ற பெண்களைப் போலீஸார் தடியால் அடித்து மண்டையை உடைத்தார்கள். 1880-களில் ஸ்கை தீவில் குத்தகை விவசாயிகள் போராட்டத்தில் இறங்கிய பிறகுதான் அரசு அசைந்தது. 1883-ல் நேப்பியர் பிரபு தலைமையில் அமைந்த விசாரணைக் குழு, ஊர் ஊராகப் போய் விவசாயிகளின் வாக்குமூலங்களைப் பதிவு செய்தது. 1886-ல் சிறு குத்தகை விவசாயிகளுக்கான சட்டம் வந்தது. அதன் முக்கிய அம்சங்கள்...

குத்தகையைச் சரியாகக் கட்டி விதிகளை மீறாதவரை வெளியேற்ற முடியாது.

நியாயமான குத்தகை எவ்வளவு என்பதைத் தனி ஆணையம் முடிவு செய்யும்.

குத்தகை உரிமை வாரிசுக்குச் சேரும்.

விவசாயி நிலத்தை விட்டுப் போனால், அவர் செய்த மேம்பாட்டு வேலைகளுக்கு இழப்பீடு உண்டு.

வடக்கிலும் மேற்கிலும் உள்ள ஏழு மாவட்டங்களுக்கு இந்தச் சட்டம் பொருந்தியது. அந்த மாவட்டங்களில் கிளென்கால்வி இருக்கும் பகுதியும் ஒன்று. ஆனால், அங்கே அந்த உரிமையைக் கேட்க ஆள் இல்லை. 1845-லேயே இப்படியொரு சட்டம் இருந்திருந்தால், பாக்கியில்லாத அந்த 18 குடும்பங்களை யாரும் தொட்டிருக்க முடியாது.

மக்களை விரட்டிய ஆடுகளும் நிலைக்கவில்லை. ஆஸ்திரேலியா, நியூசிலாந்திலிருந்து கம்பளியும் இறைச்சியும் வந்து குவிந்ததும் விலை சரிந்தது. வடக்கு ஸ்காட்லாந்தின் பல ஆட்டுப்பண்ணைகள், பணக்காரர்கள் மான் வேட்டையாடும் காடுகளாகிவிட்டன. உழுதவர் கையில் இருந்திருந்தால் இன்றும் விளைந்திருக்கக்கூடிய நிலம் அது.

குரோய்க் தேவாலயத்துக்குப் போகிறவர்கள் கிழக்குப் பக்கம் சுற்றி வந்து, வெயில் படும் கோணத்தில் நின்று பார்க்க வேண்டும். எழுத்துகள் சின்னவை, கொஞ்சம் கோணலானவை. உற்றுப் பார்த்தால், இன்றும் படிக்க முடிகிறது.