இன்னொருவர் பாட்டு

பழைய பாட்டைத் திரும்பப் பாடுகிறவர் என்றாலே சிலருக்கு ஓர் இளக்காரம். "சொந்தமாக ஒன்றும் இல்லையா?" என்று கேட்பார்கள். அவர்களுக்கு ஹிதேஅகி தொகுனாகாவின் கதையைச் சொல்லலாம்.

1986இல் அறிமுகமான ஜப்பானியப் பாடகர். சொந்தப் பாடல்களாலேயே பெயர் பெற்றவர். 2001இல் அவருக்கு மொயாமொயா நோய் என்று தெரியவந்தது. மூளைக்கு இரத்தம் கொண்டுபோகும் குழாய்கள் ஒடுங்கிவிடும் நோய் அது. பாடுவதை நிறுத்திவிட்டுச் சிகிச்சை பெற வேண்டியதாயிற்று.

மீண்டு வந்தவர், 2005இல் 'வோக்கலிஸ்ட்' என்ற அல்பத்தை வெளியிட்டார். அத்தனையும் பெண்கள் பாடிப் புகழ்பெற்ற பாடல்கள். முதலாவது, மியுகி நகஜிமா 1975இல் பாடிய 'ஜிதாய்'. துவண்டவர்களுக்கு ஆறுதல் சொல்லும் பாட்டு. மரணத்தின் பக்கம் போய் வந்தவரின் மெல்லிய, சற்றே கரகரத்த குரலில் அதைக் கேட்டால், அவருக்காகவே எழுதியதோ என்று தோன்றும்.

2015 வரை அந்த வரிசையில் ஆறு அல்பங்கள் வந்தன. நான்காவது, 2010இல் ஜப்பானின் விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. அவர் பாடியதைக் கேட்டு, மூலப் பாடகிகளைத் தேடிப் போன இளைஞர்களும் உண்டு.

ஆசிரியர்களான எமக்கு இது அந்நியமான விடயமல்ல. நாள்தோறும் வகுப்பில் நாம் சொல்வதும் யாரோ எழுதிய பாடத்தைத்தானே! அதே பாடம் ஒருவர் வாயில் உயிர் பெறுகிறது, இன்னொருவர் வாயில் தூங்கிவிடுகிறது. வரிகள் இரவலாக இருக்கலாம். அவற்றைச் சொல்கிற மனசு சொந்தமாக இருக்க வேண்டும்.